கதை இல்லாத குறும்படத்தை எது தாங்குகிறது?

உங்கள் கேள்வியை முதலில் என் வார்த்தையில் சொல்லிவிடுகிறேன். அப்பா இறந்தபின் ஊரிலிருக்கும் வீட்டை விற்க மகன் ஒருநாள் வந்துபோகிறான், இதுதான் உங்கள் 12 நிமிடக் குறும்படம். பஸ்ஸிலிருந்து இறங்குவதில் தொடங்கி, பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுத் திரும்புவதுவரை வரிசையாக எடிட் செய்து பார்த்தீர்கள், சப்பென்று இருந்தது. "சீனையெல்லாம் கலைச்சுப் போடு, எக்ஸ்பெரிமெண்டல் ஆயிடும்" என்றார் நண்பர். அந்த வகைப் படங்கள் சிலவற்றைத் தேடிப் பார்த்தீர்கள். பாதி புரியவில்லை, மீதி ஏமாற்று வேலையோ என்று சந்தேகம். ஆக, பார்க்கிறவராக ஒரு கேள்வி, எடுக்கிறவராக ஒரு கேள்வி. இரண்டுக்கும் அடியில் இருப்பது ஒன்றுதான் என்று நினைக்கிறேன்: கதை நேராக நகராதபோது படத்தை எது தாங்குகிறது?

நான் எடிட்டர். பெரும்பாலும் ஆவணப்படங்கள், குறும்படங்கள். எடிட்டிங் பட்டறைகளில் வகுப்பெடுக்கிறேன். குறும்பட விழாக்களுக்கு வந்து குவியும் படங்களை வடிகட்டும் குழுக்களிலும் உட்கார்ந்திருக்கிறேன். அதனால் இது எடிட்டிங் டேபிளிலிருந்து வரும் பதில். சினிமாக் கோட்பாடு படித்தவர்கள் இதற்கு வேறு விதமாகப் பதில் சொல்வார்கள், அதுவும் கேட்கத் தகுந்ததே. கலைக்கூடங்களில் நாலைந்து திரைகளில் ஒரே நேரத்தில் ஓடும் படைப்புகளில் எனக்குக் கைப்பழக்கம் கிடையாது, அந்தப் பக்கம் போகவில்லை.

உறுதியாகச் சொல்ல முடிந்ததிலிருந்து தொடங்கலாம். காட்சிகளைக் கலைத்துப் போட்டதால் மட்டும் ஒரு படம் கதையை விட்டுவிட்டதாக ஆகாது. ஏனென்றால் பார்வையாளர் சும்மா இருக்கமாட்டார். முதல் ஷாட்டில் மகன் வாசல் கதவைப் பூட்டுகிறான், இரண்டாவதில் பஸ்ஸிலிருந்து இறங்குகிறான் என்றால், 'சரி, முடிவை முன்னால் காட்டிவிட்டார்கள்' என்று மனசுக்குள் அடுக்க ஆரம்பித்துவிடுவார். ஃபிளாஷ்பேக்குக்குள் ஃபிளாஷ்பேக் வைத்து நம் வணிகப் படங்களே அவரை இதில் கெட்டிக்காரராக்கி வைத்திருக்கின்றன. எல்லாத் துண்டுகளும் இடத்தில் விழுந்தபிறகு அவர் கையில் மிஞ்சுவது என்ன? நீங்கள் சப்பென்று இருக்கிறது என்று சொன்ன அதே கதைதான். நடுவில் அவரிடம் கொஞ்சம் வேலை வாங்கியிருக்கிறீர்கள், அவ்வளவே. வரிசையைக் கலைப்பது ஒன்று. வரிசையே தேவைப்படாதபடி படத்தைக் கட்டுவது வேறு. உங்கள் நண்பர் சொன்னது முதலாவது. நீங்கள் தேடிப்போய்ப் பார்த்த படங்களில் நல்லவை செய்வது இரண்டாவதை.

கலைப்பதற்கே காரணம் இருக்கும் படங்களும் உண்டு என்பதையும் சொல்லிவிட வேண்டும். கிறிஸ் மார்க்கரின் 'லா ஜெத்தே' (1962) 28 நிமிடம். ஏறக்குறைய முழுக்க அசையாத புகைப்படங்கள், மேலே ஒரு குரல். பார்க்காதவர்கள் அடுத்த மூன்று வரிகளைத் தாண்டிவிடுங்கள். பாரிஸின் ஓர்லி விமான நிலையத்தில் சிறுவனாக இருந்தபோது ஒரு பெண்ணின் முகத்தையும் ஒரு மனிதன் சாவதையும் பார்த்த ஒருவன், காலத்தில் பின்னோக்கி அனுப்பப்படுகிறான். அன்று தான் பார்த்தது தன் சாவையே என்பதில் படம் முடிகிறது. இதில் கதை அழுத்தமாகவே இருக்கிறது. 1995இல் ஹாலிவுட்டில் 'ட்வெல்வ் மங்கீஸ்' என்று முழுநீளப் படமாக எடுக்கும் அளவுக்கு இருக்கிறது. மார்க்கர் இதில் விட்டது அசைவை. அந்தப் பெண் தூங்கும் படங்கள் ஒன்றில் ஒன்று கரைந்து வந்துகொண்டே இருக்கும். ஒரு கட்டத்தில் அவள் கண்ணைத் திறந்து இமைப்பாள். சில விநாடிதான். படத்தில் அசையும் ஒரே ஷாட் அது. அதுவரை எல்லாமே உறைந்து கிடந்ததால்தான் ஓர் இமைப்பு அப்படித் தூக்கிப்போடுகிறது. ஒன்றை நீக்கினால் இன்னொன்றின் எடை கூடும் என்பதற்கு எனக்குத் தெரிந்த சுருக்கமான உதாரணம் இது.

கதையையே கிண்டல் செய்த படம் என்றால் 1929இல் லூயி புனுவலும் சால்வதோர் தாலியும் எடுத்த 'ஆண்டலூசிய நாய்'. சவரக்கத்தியால் கண்ணைக் கீறும் ஷாட்டுக்காகவே பெயர் வாங்கியது (கீறப்பட்டது கன்றின் கண்). ஒரு எடிட்டராக என்னை ஈர்ப்பது அதன் எழுத்து அட்டைகள். 'முன்னொரு காலத்தில்' என்று தொடங்கும். 'எட்டு வருடங்களுக்குப் பிறகு' என்று வரும், ஆட்களுக்கு வயசு கூடியிருக்காது. ஒரு காட்சியின் நடுவிலேயே 'பதினாறு வருடங்களுக்கு முன்' என்று வரும்; அதே அறை, அதே ஆட்கள். கதை சொல்லும் கருவிகள் எல்லாம் இருக்கின்றன, எதுவும் வேலை செய்யவில்லை. காரண காரியமாக விளக்கக்கூடிய எந்தப் படிமத்தையும் சேர்ப்பதில்லை என்பதே அவர்கள் இருவரும் எழுதும்போது வைத்துக்கொண்ட விதி. விதியில்லாமல் எடுத்த படம் என்று பலர் நினைக்கும் படத்தின் அடியிலேயே இப்படி ஒரு கறாரான விதி இருக்கிறது, கவனியுங்கள்.

இனி நான் வகுப்பில் எப்போதும் போட்டுக்காட்டும் படத்துக்கு வருகிறேன், கொஞ்சம் விரிவாகவே. மாயா டெரனும் அவர் கணவர் அலெக்சாண்டர் ஹாமிதும் 1943இல் லாஸ் ஏஞ்சலஸில் தங்கள் வீட்டிலேயே 16 எம்எம் கேமராவில் எடுத்த 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்'. 14 நிமிடம். மௌனப் படமாகவே எடுத்தார்கள். இப்போது கேட்கும் டெய்ஜி இட்டோவின் இசை 1959இல் சேர்ந்தது. ஒரு பெண் தெருவில் ஒரு பூவை எடுக்கிறாள், வளைவில் யாரோ போய் மறைவதைப் பார்க்கிறாள், படியேறி வீட்டுக்கு வருகிறாள், சாவி கைநழுவிப் படிகளில் குதித்து இறங்குகிறது, எடுத்துத் திறக்கிறாள். உள்ளே ரொட்டியில் செருகிய கத்தி, எடுத்துக் கீழே வைத்த டெலிபோன், சுற்றிக்கொண்டே இருக்கும் கிராமஃபோன். நாற்காலியில் சாய்ந்து தூங்கிப்போகிறாள். இவ்வளவும் முதல் சில நிமிடங்களில். அதற்குப் பிறகு இதே வருகை மறுபடி நடக்கிறது, மறுபடியும் நடக்கிறது.

இங்கே இரண்டு விஷயங்களைப் பாருங்கள். முதல் சுற்றில் அவள் முகத்தைக் காட்டவே மாட்டார்கள். நிழல், கை, செருப்பு, அவள் கண்ணுக்குத் தெரிவது, இவை மட்டுமே. ஆகவே வீட்டுக்குள் போவது நாமாகிவிடுகிறோம். இரண்டாம் சுற்றில் ஜன்னல் வழியாக அவள் பார்க்கிறாள். கீழே தெருவில் அவளே, முகத்துக்குப் பதில் கண்ணாடி வைத்த ஒரு கறுப்பு உருவத்தைத் துரத்திக்கொண்டு ஓடுகிறாள். இப்போது நாம் அவளை வெளியிலிருந்து பார்க்கிறோம். இரண்டாவது விஷயம், சாவி, கத்தி, பூ, போன் என்று ஐந்தாறு பொருட்களுக்கு மேல் படத்தில் எதுவுமே கிடையாது. முதல் சுற்றில் அவற்றை நமக்கு அறிமுகப்படுத்திவிட்டார்கள். அப்புறம் அவை இடம் மாறுகின்றன. சாவி வாயிலிருந்து வெளியே வருகிறது. சாவி இருந்த கையில் கத்தி இருக்கிறது. அடுத்து என்ன நடக்கும் என்று நாம் கேட்பதை நிறுத்திவிட்டு, இந்த முறை எது மாறியிருக்கிறது என்று பார்க்கத் தொடங்கிவிடுகிறோம். பந்தலில் நடுக்காலை எடுப்பதென்றால் முதலில் வேறு கால் நட்டுவிட்டுத்தானே எடுப்பார்கள்? இந்தப் படத்தில் கதையின் இடத்தில் நட்டிருப்பது திரும்பவரல். அதைப் பிடித்துக்கொண்டபின் 14 நிமிடத்தில் ஒரு நிமிடம்கூட வழிதவறியதாகத் தோன்றாது.

அதே படத்தில் ஐந்து காலடி வரும். கத்தியோடு எழுந்து நடக்கிறாள்: ஒரு அடி கடற்கரை மணலில், அடுத்தது மண்ணில், பிறகு புல்லில், பிறகு நடைபாதையில், கடைசி அடி அறையின் விரிப்பில். நடையின் வேகம் தொடர்வதால் கண் அதை ஒரே நடையாக ஏற்றுக்கொள்கிறது. நாற்காலியிலிருந்து நாற்காலிக்குப் போக உலகத்தைச் சுற்ற வேண்டியிருக்கிறது. வெட்டும் இடத்தில் அசைவு பொருந்தினால் காலமும் இடமும் எவ்வளவு எகிறினாலும் பார்வையாளர் கூடவே வருவார் என்பது டேபிளில் தினம் பார்க்கும் உண்மை. டெரன் அதையே வைத்து 1945இல் டாலி பீட்டி என்ற நடனக் கலைஞரோடு மூன்று நிமிடம்கூட இல்லாத ஒரு படம் எடுத்தார். காட்டில் காலைத் தூக்குகிறார், ஓர் அறைக்குள் காலை வைக்கிறார். அதை ஃப்ரேம் ஃப்ரேமாக ஓட்டிப் பாருங்கள். நூறு டுடோரியலுக்குச் சமம்.

1953இல் நியூயார்க்கில் 'சினிமா 16' என்ற திரைப்படச் சங்கம் கவிதையும் திரைப்படமும் பற்றி ஒரு கலந்துரையாடல் நடத்தியது. நாடகம் ஒரு நிகழ்ச்சியிலிருந்து அடுத்த நிகழ்ச்சிக்குக் கிடைமட்டமாகப் போகிறது, கவிதை ஒரே கணத்தில் நின்று செங்குத்தாக உள்ளே இறங்குகிறது, படமும் அப்படி இறங்கலாம் என்று டெரன் அங்கே சொன்னார். மேடையில் இருந்த கவிஞர் டிலன் தாமஸ் அதைக் கேலி செய்து கூட்டத்தைச் சிரிக்க வைத்தார். நாடகாசிரியர் ஆர்தர் மில்லரும் ஒத்துக்கொள்ளவில்லை. தமிழ் படித்தவர்களுக்கு டெரன் சொன்னது இவ்வளவு சிரமமாக இருக்காது என்று எனக்குத் தோன்றும். குறுந்தொகையின் மூன்றாம் பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். 'நிலத்தினும் பெரிதே வானினும் உயர்ந்தன்று' என்று தொடங்கி, கடலைத் தொட்டு, கருங்கோல் குறிஞ்சிப் பூவில் தேன் சேரும் மலைநாட்டுக்காரனோடு உள்ள நட்பு என்று நிற்கிறது. நாலே அடி. எதுவும் நடக்கவில்லை. யார், எப்போது, பிறகு என்ன ஆயிற்று, ஒன்றும் கிடையாது. குறைபட்ட பாட்டு என்று நாம் யாரும் சொல்வதில்லை. நிலம், வான், நீர் என்று பெரிதாக விரிந்து கடைசியில் ஒரு பூவுக்கு வரும் அந்த அளவு மாற்றமே பாட்டைத் தாங்குகிறது. வைட் ஷாட்டிலிருந்து குளோசப்புக்கு வருவதும் இதே வேலைதான்.

திரும்பவரல் மாதிரி வேறு தாங்குகால்களும் இருக்கின்றன. புரூஸ் கானர் 1958இல் எடுத்த 'ஏ மூவி'க்குக் கேமராவே தேவைப்படவில்லை. பழைய செய்திப்படம், கௌபாய் படம், விபத்துக் காட்சி என்று மற்றவர்கள் எடுத்த துண்டுகளை ஒட்டி 12 நிமிடம். 'தி எண்ட்' என்ற அட்டை ஆரம்பத்திலேயே வந்துவிடும். நீர்மூழ்கிக் கப்பலில் ஒருவர் பெரிஸ்கோப்பில் கண் வைக்கிறார், கட், அரைகுறை ஆடையில் ஒரு பெண், கட், அவர் பரபரக்கிறார், டார்பிடோ பாய்கிறது, அணுகுண்டுக் காளான் எழும்புகிறது. வெவ்வேறு இடங்களில் எடுத்த துண்டுகள். ஆனால் பார்வை, ஆசை, ஏவுதல், வெடிப்பு என்று கண் கோர்த்துவிடுகிறது. சிரித்து முடிக்கும்போது சிரித்ததற்காகக் கொஞ்சம் கூசும். மேலே ரெஸ்பிகியின் 'பைன்ஸ் ஆஃப் ரோம்' இசை ஏறிக்கொண்டே போவதால், சம்பந்தமில்லாத விபத்துகள் எல்லாம் ஒரே பெரிய அழிவின் பகுதிகள்போல ஆகிவிடுகின்றன. இங்கே தாங்குவது இசை. அதை நிறுத்திவிட்டுப் பார்த்தால் படம் பாதியாகக் குறைந்துவிடும்.

உங்களுக்கு மிகவும் பயன்படக்கூடியது என்று நான் நினைப்பது ஹாலிஸ் ஃபிராம்ப்டனின் 'நாஸ்டால்ஜியா' (1971), 36 நிமிடம். ஓர் ஒற்றைச் சுருள் அடுப்புமேல் ஒரு புகைப்படம். மெதுவாகக் கருகி, சுருண்டு, சாம்பலாகிறது. பிறகு அடுத்த புகைப்படம். அதற்குள் ஒரு குரல் ஒரு புகைப்படத்தைப் பற்றிப் பேசுகிறது: எங்கே எடுத்தேன், அந்த நண்பன் இப்போது எப்படி என்று. ஆனால் குரல் பேசுவது நாம் பார்த்துக்கொண்டிருக்கும் புகைப்படத்தைப் பற்றி இல்லை, அடுத்து வரப்போகும் புகைப்படத்தைப் பற்றி. இது பிடிபட ஒரு சுற்று ஆகும். பிடிபட்டதும் நம் நிலைமை விசித்திரமாகிவிடுகிறது. எரியும் படத்துக்கான வார்த்தைகளை முன்னாலேயே கேட்டாகிவிட்டது, அவற்றை ஞாபகத்திலிருந்து எடுத்துப் பொருத்த வேண்டும். அதே சமயம் இப்போது கேட்பதை, இன்னும் பார்க்காத ஒன்றுக்காகச் சேமித்து வைக்க வேண்டும். நினைவையும் எதிர்பார்ப்பையும் பற்றிப் படம் ஒரு வார்த்தை சொல்வதில்லை, இரண்டையும் நம்மைச் செய்ய வைக்கிறது. கடைசியில் குரல் விவரிக்கும் அந்தப் பயங்கரமான புகைப்படம் வரவே வராது. இன்னொரு சங்கதி, 'நான், என்' என்று பேசும் அந்தக் குரல் ஃபிராம்ப்டனுடையதல்ல, மைக்கேல் ஸ்நோ என்ற இன்னொரு இயக்குநர் வாசித்தது. இத்தனைக்கும் படம் முதல் புகைப்படத்திலிருந்து கடைசிப் புகைப்படம்வரை நேர்வரிசையில்தான் போகிறது. எதையும் கலைக்கவில்லை. ஒலியை ஒரு படி முன்னே நகர்த்தினார், அவ்வளவுதான்.

ஸ்நோவின் 'வேவ்லெங்த்' (1967) 45 நிமிடம் ஓடுவதால் ஆஸ்கர் கணக்குப்படி, அதாவது 40 நிமிட வரம்பின்படி, குறும்படமே ஆகாது. ஒரு மாடி அறையின் ஒரு கோடியிலிருந்து எதிர்ச் சுவரில் மாட்டிய கடலலைப் புகைப்படம்வரை ஒரு ஜூம். நடுவில் ஒருவர் வந்து தரையில் விழுந்துவிடுகிறார். ஜூம் நிற்காமல் அவரைத் தாண்டிப் போய்விடும். கதை ஒன்று உள்ளே வந்து விழுந்து கிடக்கிறது, கேமரா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஸ்டான் பிராக்கேஜின் 'மாத்லைட்' (1963) இன்னும் ஒரு படி போனது. விட்டில்பூச்சிச் சிறகு, இதழ், புல் இவற்றை ஒளிபுகும் ஒட்டுநாடாக்களுக்கு நடுவே வைத்து, அதிலிருந்து பிரதியெடுத்து ஓட்டினார். நாலு நிமிடம்கூட இல்லை. மௌனம்.

இதெல்லாம் வெளிநாட்டுச் சரக்கு என்று வகுப்பில் யாராவது முணுமுணுப்பார்கள். அவர்களுக்குச் சொல்வது பம்பாய் பிலிம்ஸ் டிவிஷன். கொட்டகையில் மெயின் படத்துக்கு முன்னால் கட்டாயமாக ஓட்டிய செய்திப்படங்களை எடுத்த அதே அரசு நிறுவனம்தான். 1967இல் ஓவியர் எம்.எஃப். ஹுசைன் ராஜஸ்தானில் சுற்றி எடுத்த 'த்ரூ தி ஐஸ் ஆஃப் எ பெயிண்டர்' படத்தைத் தயாரித்தது அதுதான். குடை, லாந்தர், செருப்பு போன்ற பொருட்கள் சம்பந்தமில்லாத இடங்களில் திரும்பத் திரும்ப வரும். அந்த வருடம் பெர்லினில் குறும்படத்துக்கான தங்கக் கரடி அதற்குக் கிடைத்தது. மறு வருடமே பிரமோத் பதியின் 'எக்ஸ்ப்ளோரர்'. ஆடும் இளைஞர்கள், சாமி உருவங்கள், விஞ்ஞானக் கருவிகள் எல்லாம் படபடவென்று வெட்டி, மின்னணு ஒலியோடு. வரிப்பணத்தில், அரசு முத்திரையோடு, இப்படி ஒரு படம் 1968இல்! அங்கேயே எஸ்.என்.எஸ். சாஸ்திரி 'அண்ட் ஐ மேக் ஷார்ட் ஃபிலிம்ஸ்' என்று, குறும்படம் எடுப்பதையே கேலி செய்து ஒரு குறும்படம் எடுத்தார். இவற்றை முதலில் பாருங்கள் என்று சொல்வதற்குத் தேசப்பற்று காரணமில்லை. இவற்றில் வரும் தெருவும் முகமும் நமக்கு விளங்கும் என்பதால், வடிவம் என்ன செய்கிறது என்பதில் மட்டும் கவனம் வைக்கலாம்.

சரி, ஏமாற்று வேலையைக் கண்டுபிடிப்பது எப்படி? விழாக்களுக்கு வரும் இந்த வகைப் படங்களில் பெரும்பாலானவை சுமாருக்கும் கீழ்தான். அதை ஒளிக்க வேண்டியதில்லை, கதைப் படங்களிலும் அதே நிலைமைதான். நான் செய்து பார்க்கும் சோதனை எளிது. ஷாட்டுக்கு ஒரு படம் என்று அச்செடுத்துச் சுவரில் வரிசையாக ஒட்டுவேன். நடுவிலிருந்து ஒன்றைக் கழற்றுவேன். தள்ளித் தள்ளி இருக்கும் இரண்டை இடம் மாற்றுவேன். படத்துக்கு எதுவும் ஆகவில்லை என்றால் அங்கே எதுவும் எதையும் தாங்கவில்லை என்று அர்த்தம். டெரன் படத்தில் மூன்றாம் சுற்றை முதலில் வைத்துப் பாருங்கள், படமே இடிந்துவிடும். காலவரிசை இல்லாத படத்தில்தான் வரிசை இன்னும் கறாராக இருக்கிறது. இந்தச் சோதனைக்கு எல்லை உண்டு. 'மாத்லைட்' போல ஷாட் என்ற அலகே இல்லாத படத்தில் இது செல்லாது. அங்கே நான் கேட்பது, முடிந்தபிறகும் கண்ணுக்குள் ஏதாவது அடித்துக்கொள்கிறதா என்பதை மட்டும். அது ரசனை. சோதனை என்று அதற்குப் பெயர் வைக்க மாட்டேன்.

சந்தேகத்துக்குரிய இடங்களையும் சொல்லிவிடுகிறேன். மனம் நேர்கோட்டில் வேலை செய்வதில்லை, அதனால் கலைந்த படம்தான் நிஜத்துக்கு நெருக்கம் என்று மாணவர்கள் எழுதிக்கொண்டு வருவார்கள். எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. மனம் அப்படி ஓடலாம். பார்வையாளர் உட்கார்ந்திருப்பது உங்கள் மனதுக்குள் இல்லை, ஒரு நாற்காலியில். அவருக்கு 12 நிமிடமும் ஒன்றன்பின் ஒன்றாகத்தான் போகிறது. எந்த நினைவும் எந்த ஷாட்டும் முன்னால் வந்ததன் மேல்தான் விழும். இன்னொன்று, அர்த்தம். டெரன் படத்தில் வரும் அந்தக் கண்ணாடி முகத்துக்குச் சாவு என்றும் சுயம் என்றும் கணவன் என்றும் விளக்கம் எழுதியிருக்கிறார்கள். டெரனுக்கு உளப்பகுப்பாய்வு விளக்கங்கள் பிடிக்காது. நான் எல்லாவற்றையும் படித்துவிட்டு எதையும் எடுத்துக்கொள்ளவில்லை. இந்தப் படங்களில் ஒரு பொருள் என்ன செய்கிறது என்பதை உறுதியாகச் சொல்லலாம். எதைக் குறிக்கிறது என்பதில் ஆளுக்கு ஆள் வேறுபடும். அதனால் 'புரியவில்லை' என்று நீங்கள் சொன்னதில் கூச்சப்பட ஒன்றுமில்லை. அடுத்த முறை புதிர்போல விடை தேடாமல், எது திரும்ப வருகிறது, எது மாறுகிறது, சத்தம் எங்கே படத்தோடு சேர்கிறது, எங்கே பிரிகிறது என்று மட்டும் கவனித்துப் பாருங்கள். அதுவும் கிடைக்காவிட்டால் தாராளமாகப் பிடிக்கவில்லை என்று சொல்லலாம்.

இனி உங்கள் படம். ரஃப் கட்டை, அதாவது உங்கள் முதல்கட்ட எடிட்டை, பார்க்காமல் சொல்வதால் இது யோசனை மட்டுமே. சப்பென்று இருப்பதற்குக் காரணம் வரிசை என்று நீங்கள் நினைக்கிறீர்கள். எனக்கு வேறு சந்தேகம். வீடு விற்றுவிடுவான் என்பது முதல் நிமிடத்திலேயே தெரிந்துவிடுகிறது. அடுத்து என்ன என்ற கேள்விக்கு அங்கேயே விடை கிடைத்துவிட்டது. மீதிப் 11 நிமிடமும் அந்தக் கேள்வியையே நம்பி ஓடுகிறது. அப்படியானால் கேள்வியை மாற்ற வேண்டும்.

உங்கள் கையிலேயே ஒரு வடிவம் இருக்கிறது, அந்தப் பத்திரம். கிரயப் பத்திரத்தின் சொத்து விவரத்தில் செக்குபந்தி எழுதுவார்களே, தென்வடல் தெருவுக்கு மேற்கு, கிழமேல் வாய்க்காலுக்கு வடக்கு, இன்னார் மனைக்குக் கிழக்கு, இன்னார் தோட்டத்துக்குத் தெற்கு, இந்த நான்கெல்லைக்குள்பட்ட மனையும் அதிலுள்ள கட்டிடமும் என்று. வீட்டைப் பற்றி அது அநேகமாக எதுவுமே சொல்வதில்லை, வீட்டைச் சுற்றி என்ன இருக்கிறது என்றுதான் சொல்கிறது. இல்லாமல் போன அப்பாவைப் பற்றிய படத்துக்கு இதைவிடப் பொருத்தமான சட்டகம் எனக்குத் தோன்றவில்லை. பத்திர எழுத்தர் வாசிக்கும் குரலை எடுத்துக்கொள்ளுங்கள். கிழக்கு, தெற்கு, மேற்கு, வடக்கு என்று நாலு பகுதி. ஒவ்வொரு எல்லையிலிருந்தும் வீட்டைப் பாருங்கள்: தெருவிலிருந்து திண்ணை, வாய்க்காலிலிருந்து கொல்லைக் கதவு, பக்கத்து மனையிலிருந்து சமையலறை ஜன்னல். பஸ், சாவி, புரோக்கர், கையெழுத்து எல்லாம் இந்த நாலுக்குள் எங்கே விழுகிறதோ அங்கே விழட்டும். மகன் காலையில் செய்ததும் மாலையில் செய்ததும் பக்கத்தில் பக்கத்தில் வரும். யாரும் அடுக்கிப் பார்க்கமாட்டார்கள், ஏனென்றால் அடுத்த எல்லை எது என்று காத்திருப்பார்கள். ஃபிராம்ப்டன் மாதிரி குரலை ஒரு எல்லை முன்னால் ஓடவிட்டால், அதாவது வாய்க்காலைப் படிக்கும்போது தெருவைக் காட்டினால், இன்னும் ஒரு அடுக்கு கிடைக்கும். ஆனால் 12 நிமிடத்துக்குள் இரண்டு விதி தாங்குமா என்பது சந்தேகம். முதலில் நேராகப் போட்டுப் பாருங்கள்.

எந்த விதி வைத்தாலும் முதல் ஒன்றரை நிமிடத்துக்குள் அது பார்வையாளருக்குத் தெரிந்துவிட வேண்டும். டெரன் ஒரு முழுச் சுற்றை ஒழுங்காகக் காட்டிவிட்டுத்தான் மாற்ற ஆரம்பித்தார். விதியை ஒரே ஒரு இடத்தில் மீறலாம், மார்க்கரின் இமைப்பு மாதிரி. இரண்டாவது முறை மீறினால் விதி இல்லாமல் எடுத்ததாகிவிடும். ரஃப் கட்டில் பின்னணி இசை போடாதீர்கள். இசை எல்லா ஓட்டையையும் அடைத்துவிடும், எது தாங்குகிறது என்று உங்களுக்கே தெரியாது. வீட்டின் ரூம் டோனை, அதாவது யாரும் பேசாதபோது அறையில் இருக்கும் சத்தத்தை, தனியாகப் பதிவு செய்யவில்லை என்றால், விற்ற வீடாக இருந்தாலும் கேட்டுக்கொண்டு போய் ஒவ்வொரு அறையிலும் ஒரு நிமிடமாவது எடுத்து வந்துவிடுங்கள். கதை குறையும்போது காது கூர்மையாகிவிடும், ஒரே அறைச் சத்தத்தை எல்லா ஷாட்டுக்கும் ஒட்டினால் மாட்டிக்கொள்வீர்கள். விழாவுக்கு அனுப்பும்போது சினாப்சிஸில் படத்துக்கு அர்த்தம் எழுத வேண்டாம். 'ஒரு கிரயப் பத்திரத்தின் நான்கெல்லை வரிசையில் ஒரு வீடு' என்று ஒரு வரி போதும். படங்களைப் பொறுக்கும் குழு ஒரு நாளில் பார்ப்பது ஏராளம். எதைக் கவனிக்க வேண்டும் என்று அந்த ஒரு வரி சொல்லிவிட்டால் மீதியை அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்.